கோடு கிழிப்பவர் கடமை



ஓட்டப் பந்தயங்களுள் கடினமானது எது என்று விளையாட்டு ஆசிரியர்களைக் கேட்டால், அவர்களுள் பலர் 800 மீட்டர் ஓட்டத்தையே குறிப்பிடுவர். 100 மீட்டர் ஓடுபவருக்கு வேகம் போதும். 5,000 மீட்டர் ஓடுபவருக்குத் தாங்கும் வலிமை வேண்டும். 800 மீட்டர் ஓடுபவருக்கோ இரண்டும் வேண்டும். களத்தை இருமுறை சுற்றிவர வேண்டிய அந்த ஓட்டத்தில், முதற்சுற்றில் மிக விரைந்தவர் இரண்டாஞ்சுற்றில் தளர்வார். முதற்சுற்றில் தயங்கியவர் பின்னர் முந்த இயலாது. இத்தகைய ஓட்டத்தில் மூன்று முறை உலகப் பட்டமும், இரண்டு முறை ஒலிம்பிக் தங்கமும் பெற்றவர் தென்னாப்பிரிக்க நாட்டைச் சேர்ந்த காஸ்டர் செமென்யா. ஓட்டக்களத்தில் வென்ற அவர், நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்க நேர்ந்தது ஏன் என்பதையும், அவ்வழக்கிலிருந்து நாம் அறிய வேண்டியது யாது என்பதையும் இன்று உங்களோடு சேர்ந்து சிந்திக்க விரும்புகிறேன்.

செமென்யா 1991ஆம் ஆண்டு ஜனவரி 7ஆம் நாள், தென்னாப்பிரிக்காவின் வடபகுதியிலுள்ள லிம்போப்போ மாகாணத்துச் சிற்றூர் ஒன்றில் பிறந்தார். பெண் குழந்தை என்றே பதிவு செய்யப்பெற்று, பெண்ணாகவே வளர்க்கப்பெற்றார். கால்பந்து ஆடுவதில் அவருக்கு விருப்பம் மிகுதி. அவ்வாட்டத்திற்குப் பயிற்சியாகத் தொடங்கிய ஓட்டமே பின்னர் அவருக்கு வாழ்வாயிற்று. அவருடைய தொடக்ககால வெற்றிகளுள் ஒன்று நம் பாரத மண்ணில் கிடைத்தது. 2008ஆம் ஆண்டு புனே நகரில் நடைபெற்ற காமன்வெல்த் இளைஞர் விளையாட்டுப் போட்டியில், 17 வயதுப் பெண்ணாக வந்து, 800 மீட்டரை 2 நிமிடம் 4.23 விநாடியில் ஓடித் தங்கம் பெற்றார். மறு ஆண்டு மொரீஷியஸ் தீவில் நடந்த ஆப்பிரிக்க இளையோர் போட்டியில் அதே தொலைவை 1 நிமிடம் 56.72 விநாடியில் ஓடினார். ஓராண்டுக்குள் ஏழு விநாடிக்கு மேல் குறைந்துவிட்டது. கண்டவர் வியந்தனர், வியப்போடு ஐயமும் எழுந்தது.

அந்த ஐயம் 2009 ஆகஸ்டு 19ஆம் நாள் பெர்லின் நகரில் உலகறிய வெளிப்பட்டது. அன்று உலகப் போட்டியின் இறுதி ஓட்டம். செமென்யா பெண்தானா என்று ஆராயும் சோதனைக்குத் தாங்கள் கேட்டிருப்பதை, ஓட்டம் நடைபெற வேண்டிய அந்நாளிலேயே சர்வதேசத் தடகளச் சங்கத்தார் செய்தியாளரிடம் உறுதிசெய்தனர். அன்றும் அவர் ஓடினார். 1 நிமிடம் 55.45 விநாடியில் முதலாவதாக வந்தார். இரண்டாவதாக வந்தவர் 2.45 விநாடி பின்தங்கியிருந்தார். வென்றவருக்கு வயது 18. அந்த வயதுப் பெண்ணொருத்தியின் உடலைப் பற்றி உலகத்துச் செய்தித்தாள்கள் எல்லாம் எழுதின. வீதியிலும் சந்தையிலும் பேசினர். அதன் பின்னர் 11 மாத காலம் அவர் எந்தப் போட்டியிலும் ஓடவில்லை. 2010 ஜூலையில்தான் மீண்டும் ஓட அனுமதி கிடைத்தது.

மாணவர்களே, இவ்விடத்தில் நாம் சற்று நின்று, சங்கத்தார் பக்கத்து நியாயத்தையும் கேட்டாக வேண்டும். ஒரு தரப்பை மட்டும் கேட்டுத் தீர்ப்புச் சொல்வது கற்றவர்க்கு அழகன்று.

விளையாட்டில் ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனிப் போட்டி ஏன்? 800 மீட்டர் ஓட்டத்தையே எடுத்துக்கொள்வோம். கென்யா நாட்டு டேவிட் ருடிஷா 2012ஆம் ஆண்டு 1 நிமிடம் 40.91 விநாடியில் ஓடி ஆண்களுக்கான உலகச் சாதனையை நிறுவினார். பெண்களுக்கான சாதனையாகச் செக்கோஸ்லோவாகியாவின் யார்மிலா கிராடோக்விலோவா 1983ஆம் ஆண்டு நிறுவியது 1 நிமிடம் 53.28 விநாடி. இடையே 12 விநாடிக்கு மேல் வேறுபாடு. இது பயிற்சியால் விளைந்த வேறுபாடன்று. பருவமடையும் காலத்தில் ஆண்களின் உடலில் டெஸ்டாஸ்டெரோன் என்னும் இயக்குநீர் பெருகுகிறது. அது தசையையும் எலும்பையும் வலுப்படுத்துகிறது. குருதியில் உயிர்வளியைச் சுமக்கும் ஈமோகுளோபினை மிகுவிக்கிறது. எல்லாரையும் ஒரே களத்தில் ஓடவிட்டால் இறுதி ஓட்டத்தில் ஒரு பெண்ணையும் காண இயலாது. ஆகவே பெண்களுக்கென ஒரு பிரிவு வேண்டும். பிரிவு என்று ஒன்று இருந்தால் அதற்கு எல்லைக்கோடு ஒன்றும் இருந்தே தீரும். இது மறுக்கவொண்ணாதது.

இடர்ப்பாடு எங்கே வருகிறது? இயற்கை அந்தக் கோட்டை நேராகக் கிழித்து வைக்கவில்லை. பெண்களுக்குப் பொதுவாக இரண்டு எக்ஸ் குரோமோசோம்களும், ஆண்களுக்கு ஓர் எக்ஸ், ஒரு ஒய் குரோமோசோமும் அமைந்திருக்கும் என்று உயிரியல் பாடத்தில் படித்திருப்பீர்கள். பெரும்பாலோர்க்கு அது பொருந்தும். ஆனால் ஒய் குரோமோசோம் உடையவராகவே பிறந்து, புறத்தோற்றத்தில் பெண்ணாக அமைந்து, பெண்ணாகவே வளர்ந்து வாழ்பவரும் உளர். அவர்களுள்ளும் சிலருடைய உடல் டெஸ்டாஸ்டெரோனைப் பயன்கொள்ளும். சிலருடைய உடல் அதனைச் சிறிதும் ஏற்காது. இவர்கள் எவரையும் ஏமாற்ற வந்தவரல்லர். பலர் சோதனை நடக்கும் வரையில் தம் உடலைப் பற்றித் தாமே அறியாதவர்கள்.

பள்ளியில் நாங்கள் நடத்திய விளையாட்டுப் போட்டிகளிலும் பிரிவுகள் உண்டு. வயதைக் கொண்டு இளையோர், மூத்தோர் என்று பிரிப்போம். ஆண்டுதோறும் ஏதேனும் ஒரு பள்ளியிலிருந்து, பதின்மூன்று வயதிலேயே மீசை அரும்பி, தோள் அகன்ற பையன் ஒருவன் இளையோர் ஓட்டத்திற்கு வந்து நிற்பான். உடனே மற்றப் பள்ளி ஆசிரியர் முறையிடுவார். தலைமையாசிரியன் என்ற முறையில் என் வேலை பதிவேட்டை எடுத்துப் பிறந்த தேதியைக் காட்டுவதுதான். அதனை ஒலிபெருக்கியில் அறிவிப்பதில்லை. அலுவலக அறையில், கதவைச் சாத்திக்கொண்டு காட்டுவோம். தேதி சரியாயிருந்தால் பையன் ஓடுவான். அவன் மீசையைப் பற்றிப் பேச எவருக்கும் உரிமை இல்லை. வயதிற்குப் பதிவேடு என்று ஒன்று இருப்பதால் எங்கள் வழக்கு எளிதில் தீர்ந்தது. உடலமைப்பிற்கோ அத்தகைய பதிவேடு கிடையாது. விளையாட்டுச் சங்கங்கள் தாமே ஓர் அளவுகோலை வகுக்க வேண்டியிருந்தது. வகுத்த அளவுகோல்களோ ஒன்றன்பின் ஒன்றாக மாறிக்கொண்டே வந்தன.

1966ஆம் ஆண்டு புடாபெஸ்ட் நகரில் நடந்த ஐரோப்பியப் போட்டியில், வீராங்கனையரை மருத்துவர் குழுவின் முன் ஆடையின்றி நிறுத்தி ஆராய்ந்தனர். போலந்து நாட்டு ஏவா குவோபுகோவ்ஸ்கா அந்தச் சோதனையில் தேறினார். அவர் 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் தொடர் ஓட்டத்தில் தங்கம் பெற்றவர். மறு ஆண்டு குரோமோசோம் சோதனை வந்தது. அதில் அவர் தேறவில்லை என்று விலக்கப்பட்டார். ஓராண்டில் அவருடைய உடல் மாறிவிடவில்லை, மாறியது அளவுகோலே. 1985ஆம் ஆண்டு ஜப்பானின் கோபே நகரில் ஸ்பெயின் நாட்டுத் தடையோட்ட வீராங்கனை மரியா ஹோசே மார்த்தினேஸ் பட்டின்யோ குரோமோசோம் சோதனையால் விலக்கப்பட்டார். செய்தி பின்னர் பத்திரிகைகளுக்குக் கசிந்தது. அவர் தம் பட்டங்களையும் உதவித்தொகையையும் இழந்தார். ஆனால் அவருடைய உடலோ டெஸ்டாஸ்டெரோனை ஏற்காத உடல். ஒய் குரோமோசோமால் அவருக்கு யாதொரு நன்மையும் விளைந்ததில்லை. அவர் விடாது வாதாடி, 1988ஆம் ஆண்டு மீண்டும் ஓடும் உரிமையைப் பெற்றார். 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் மரபணுச் சோதனை செய்தபோது எட்டுப் பெண்களுக்கு ஒய் குரோமோசோமின் அடையாளம் தென்பட்டது. ஆராய்ந்தபின் எண்மரும் போட்டியிட அனுமதிக்கப்பட்டனர். 1999ஆம் ஆண்டு ஒலிம்பிக் சங்கம் எல்லாப் பெண்களையும் சோதிக்கும் வழக்கத்தைக் கைவிட்டது. எவரைப் பற்றியேனும் ஐயம் எழுந்தால் அவரை மட்டும் ஆராயும் முறையே எஞ்சி நின்றது.

அந்த முறையின் கொடுமையை நம் தமிழ்நாடும் கண்டது. புதுக்கோட்டை மாவட்டத்துச் சிற்றூரொன்றில், செங்கற்சூளையில் உழைத்த பெற்றோருக்கு மகளாய்ப் பிறந்த சாந்தி சௌந்தரராஜன், 2006 டிசம்பரில் தோகா ஆசிய விளையாட்டுப் போட்டியில் இதே 800 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளிப் பதக்கம் வென்றார். பாலினச் சோதனையில் தேறவில்லை என்று கூறி அப்பதக்கம் பறிக்கப்பட்டது. செய்தி நாடெங்கும் பரவியது. தமிழ்நாடு அரசு 15 லட்சம் ரூபாய் பரிசளித்தது. எனினும் வழக்காடும் வழியோ, வாதாடும் வல்லுநரோ அவருக்கு அந்நாளில் வாய்க்கவில்லை. அவருடைய ஓட்டம் அத்துடன் நின்றது. பின்னர் அவர் பயிற்சியாளராகிப் பிள்ளைகளை ஓடப் பழக்கினார் என்பது அவருடைய உள்ளத்தின் உறுதிக்குச் சான்று.

செமென்யாவின் வரலாற்றுக்குத் திரும்புவோம். 2011ஆம் ஆண்டு சங்கத்தார் புதிய விதி வகுத்தனர். பெண்கள் பிரிவில் ஓடுபவருடைய டெஸ்டாஸ்டெரோன், லிட்டருக்கு 10 நானோமோல் என்னும் அளவுக்குக் கீழே இருத்தல் வேண்டும் என்பது அவ்விதி. பெண்களுக்குப் பொதுவாக அது 2 நானோமோலுக்கும் குறைவு. ஆண்களுக்கு ஏறத்தாழ 8 முதல் 29 வரை இருக்கும் என்பது சங்கத்தார் காட்டிய கணக்கு. செமென்யா மாத்திரை உட்கொண்டு தம் அளவைக் குறைத்து ஓடினார். அம்மருந்து தம்மை நோயாளியாக்கியது என்று பின்னாளில் அவரே கூறியுள்ளார். 2012 லண்டன் ஒலிம்பிக்கில் தம் நாட்டுக் கொடியை ஏந்திச் சென்றார். அங்கும், அதற்கு முந்திய ஆண்டு உலகப் போட்டியிலும் அவருக்குக் கிடைத்தது இரண்டாம் இடம். இரண்டிலும் முதலிடம் பெற்றவர் ரஷ்யாவின் மரியா சவினோவா. அவர் ஊக்கமருந்து உண்டவர் என்பது 2017ஆம் ஆண்டு மெய்ப்பிக்கப்பட்டு, இரு பதக்கங்களும் செமென்யாவுக்குத் தங்கமாயின. அறிந்தே மருந்துண்டு ஏமாற்றியவரும், இயற்கை அமைத்த உடலோடு ஓடியவரும் ஒரே களத்தில் ஓடினர். ஊரார் நாவில் அடிபட்டவரோ இரண்டாமவர்.

10 நானோமோல் விதியை அசைத்தவர் நம் நாட்டுப் பெண் ஒருவர். ஒடிசா மாநிலத்து நெசவாளர் குடும்பத்தில் பிறந்த தூத்தி சந்த், 2014ஆம் ஆண்டு அவ்விதியால் விலக்கப்பட்டார். மருந்துண்ண மறுத்து, சுவிட்சர்லாந்தின் லோசான் நகரிலுள்ள விளையாட்டு நடுவர் நீதிமன்றத்தில் முறையிட்டார். டெஸ்டாஸ்டெரோன் மிகுதியால் இத்தகைய பெண்களுக்கு எவ்வளவு நன்மை விளைகிறது என்பதைச் சங்கத்தார் மெய்ப்பிக்கவில்லை என்று கூறி, 2015 ஜூலையில் நீதிமன்றம் அவ்விதியை நிறுத்தி வைத்தது. அவருடைய வழக்கால் செமென்யாவும் மருந்தின்றி ஓட வழி பிறந்தது. 2016 ரியோ ஒலிம்பிக்கில் 1 நிமிடம் 55.28 விநாடியில் தங்கம். 2017 உலகப் போட்டியில் தங்கம். 2018ஆம் ஆண்டு பாரிஸ் நகரில் 1 நிமிடம் 54.25 விநாடி. அதுவே அவருடைய மிகச் சிறந்த ஓட்டம். 1983இன் சாதனையை அவர் எட்டியதில்லை என்பதையும் நினைவிற்கொள்க.

ரியோ ஓட்டத்தில் நான்காவதாக வந்தவரையும் நாம் மறத்தலாகாது. கனடாவின் மெலிஸ்ஸா பிஷப் 1 நிமிடம் 57.02 விநாடியில் ஓடினார்; 0.13 விநாடியில் பதக்கம் தவறியது. ஆண்டுக்கணக்கில் உழைத்தவர், தமக்கு முன்னே ஓடுபவருடைய உடல் தம் உடலைப் போன்றதுதானா என்று வினவினால், அவ்வினாவைக் கொடியது என்று தள்ளிவிட முடியாது. அவருக்கும் நீதி வேண்டும்.

2018ஆம் ஆண்டு சங்கத்தார் மீண்டும் கோடு கிழித்தனர். இம்முறை 400 மீட்டர் முதல் ஒரு மைல் வரையுள்ள ஓட்டங்களுக்கு மட்டும், 5 நானோமோல் அளவில் கிழித்தனர். செமென்யாவின் ஓட்டம் அதனுள் அகப்பட்டது. தூத்தி சந்தின் 100 மீட்டரும் 200 மீட்டரும் அகப்படவில்லை. செமென்யா இம்முறை மருந்துண்ண மறுத்து வழக்குத் தொடுத்தார். 2019 மே முதல் நாள் மூன்று நடுவர்களுள் இருவர் ஒருபக்கமாக நின்று தீர்ப்பளித்தனர். இவ்விதி வேற்றுமை காட்டுவதே. ஆயினும் பெண்கள் பிரிவைக் காப்பதற்குத் தேவையான வேற்றுமை என்பது தீர்ப்பின் சாரம். அவ்விதிக்கு முன்னோடியாய் இருந்த ஆராய்ச்சிக் கட்டுரைக்கு 2021ஆம் ஆண்டு அதே இதழில் திருத்தம் வெளியாயிற்று. டெஸ்டாஸ்டெரோனே காரணம் என்று துணிவதற்கு அக்கட்டுரை இடந்தராது என்று எழுதியவர்களே ஒப்புக்கொண்டனர். சங்கத்தாருக்கு வேறு சான்றுகளும் உண்டு. எனினும் ஒருவருடைய வாழ்வை நிறுத்தும் கோட்டிற்கு அடிக்கல் இவ்வளவு தளர்வாய் இருக்கலாமோ?

செமென்யா 800 மீட்டரை விட்டு 5,000 மீட்டருக்கு மாறினார். 2022 உலகப் போட்டியில் தகுதிச் சுற்றோடு நின்றார். 2023ஆம் ஆண்டு விதி மேலும் இறுகியது: எல்லாப் போட்டிகளுக்கும் 2.5 நானோமோல் என்றாயிற்று. அந்த வாயிலும் அடைபட்டது. ஆனால் வழக்கு ஓடியது. சுவிட்சர்லாந்தின் உச்ச நீதிமன்றம் 2020ஆம் ஆண்டு அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்திருந்தது. அவர் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்தை அடைந்தார். 2025 ஜூலை 10ஆம் நாள், அந்நீதிமன்றத்தின் பெருமன்றம் 15 நீதிபதிகள் ஒருபுறமும் இருவர் மறுபுறமுமாகத் தீர்ப்பளித்தது: சுவிஸ் நீதிமன்றம் அவருடைய வழக்கை வேண்டிய அளவு ஆழ்ந்து ஆராயவில்லை, முறையான விசாரணைக்குரிய அவருடைய உரிமை மீறப்பட்டது. விதி சரியா, தவறா என்பதைப் பெருமன்றம் முடிவு செய்யவில்லை. அதே ஆண்டு செப்டம்பர் முதல் நாளிலிருந்து, உலகப் போட்டியில் பெண்கள் பிரிவில் பங்குகொள்வோர் வாழ்நாளில் ஒருமுறை மரபணுச் சோதனை செய்துகொள்ள வேண்டும் என்று தடகளச் சங்கம் புதுவிதி செய்தது.

இவ்வளவு நீண்ட வரலாற்றிலிருந்து நான் கொள்ளும் கருத்தைச் சொல்லி முடிக்கிறேன். நீங்கள் மாறுபடலாம், மாறுபட்டால் காரணத்தோடு மாறுபடுங்கள்.

பெண்கள் பிரிவுக்குக் கோடு வேண்டும் என்பதை நான் ஏற்கிறேன். ஆனால் கோடு கிழிப்பவருக்குக் கடமைகள் உண்டு. முதலாவது, மெய்ப்பிக்கும் பொறுப்பு அவருடையது; ஐயுறப்பட்டவருடையதன்று. இரண்டாவது, ஆராய்வதை மறைவாக ஆராய வேண்டும். பெர்லினில் முதல் தவறு சோதனையன்று, அதனைப் பறைசாற்றியதே. மூன்றாவது, விலக்கப்படுபவர் சொல்வதை நடுநிலையாளர் ஒருவர் முழுவதும் கேட்டாக வேண்டும். செமென்யா பதினாறு ஆண்டுகளுக்குப் பின் பெற்ற வெற்றி அது ஒன்றே. அதுவும் சிறிய வெற்றியன்று. இவற்றிற்கு மேலும் ஒன்று உண்டு. இந்தப் பிரிவில் ஓட உனக்குத் தகுதியில்லை என்று சான்றோடு கூறுவது வேறு; தகுதி வேண்டுமாயின் நோயில்லாத உன் உடலுக்கு மருந்திட்டு மாற்றிக்கொள் என்பது வேறு. முன்னது கடுமையான விதியாயினும் விதியே. பின்னதைக் கட்டளையிட எந்த விளையாட்டுச் சங்கத்திற்கும் உரிமை உண்டு என்று நான் கருதவில்லை.

மாணவ மாணவியரே, உலகப் போட்டிக்கு விதி வகுக்கும் இடத்தில் நம்முள் மிகச் சிலரே என்றேனும் அமர்வோம். ஆனால் நம் ஒவ்வொருவருடைய வகுப்பிலும், குரல் கட்டையான பெண்ணோ, மீசை அரும்பாத பையனோ, நடை சற்று வேறுபட்ட ஒருவரோ இருக்கக்கூடும். அவர்களைப் பார்த்து முணுமுணுப்பவர் இருக்கக்கூடும். அந்த முணுமுணுப்புக்கு மெய்ப்பிக்கும் பொறுப்பும் இல்லை, மறைகாக்கும் கடமையும் இல்லை, எதிருரை கேட்கும் வழக்கமும் இல்லை. அதில் நீங்கள் சேராதிருத்தல் உங்கள் கையில் இருக்கிறது. அதற்கு எந்த நீதிமன்றமும் வேண்டியதில்லை.